கட்டுமரத்துக்கு எத்தனை உடல்?

கட்டுமரத்துக்கு இரண்டு உடல் இல்லை. ஓர் உடல்கூட இல்லை. உள்ளே வெற்றிடம் வைத்து, தண்ணீர் புகாதபடி மூடிய ஓடு போன்ற அமைப்பைத்தான் படகுக்காரர்கள் உடல் என்கிறார்கள். கட்டுமரத்தில் அப்படி எந்த ஓடும் கிடையாது. முழு மரங்களை வரிசையாக வைத்துக் கயிற்றால் பிணைத்தது அது, அவ்வளவுதான். ஆனால் ஆங்கில அகராதியில் 'கேட்டமரான்' என்று தேடினால் 'இணையாக அமைந்த இரு உடல்களைக் கொண்ட கலம்' என்ற விளக்கமும், பக்கத்திலேயே 'தமிழிலிருந்து வந்த சொல்' என்ற குறிப்பும் இருக்கும். இரண்டையும் சேர்த்துப் படித்தவர்கள், சோழமண்டலக் கரையில் இரட்டைப் படகுகள் ஓடின என்றும் அவற்றைப் பார்த்துத்தான் இன்றைய விரைவுக் கப்பல்கள் கட்டப்பட்டன என்றும் எழுதிவிடுகிறார்கள். சொல் நம்முடையது என்பது உண்மை. வடிவம் வேறு இடத்திலிருந்து வந்தது. இரண்டும் மிதக்கிற விதம் வேறு, கெடுகிற விதமும் வேறு.

முதலில் மரத்தைப் பார்ப்போம். கட்டுமரத்துக்கு 3 முதல் 7 மரங்கள் வரை சேர்ப்பார்கள். அல்பீசியா போன்ற மென்மையான, எடை குறைந்த மரம்தான் வேண்டும். தேக்கு இதற்கு ஆகாது, கனம். நடுமரம் சற்றே தாழ்வாகவும் பக்கத்து மரங்கள் படிப்படியாக உயர்ந்தும் இருப்பதால், குறுக்கே வெட்டிப் பார்த்தால் ஆழமில்லாத தொட்டிபோலத் தெரியும். முன்முனையில், அதாவது அணியத்தில், மரங்களைச் செதுக்கி மேல்நோக்கி வளைத்திருப்பார்கள். சில வகைகளில் அணியத் துண்டுகளைத் தனியாகச் செதுக்கிச் சேர்ப்பார்கள். முன்னும் பின்னும் குறுக்குக் கட்டைகளை வைத்துக் கயிற்றால் இறுக்குவார்கள். முன்பு தென்னைநார்க் கயிறு, பிறகு நைலான். நாகப்பட்டினம் பக்கம் பறவைக் கோலா பிடிக்கப் போன பெரிய வகைக்குக் கோலாமரம் என்றே பெயர். அதில் 7 மரங்கள். சென்னை மாகாண மீன்வளத் துறையில் பணியாற்றிய ஜேம்ஸ் ஹார்னெல் கரை கரையாக இந்த வகைகளைப் பிரித்து எழுதிவைத்திருக்கிறார். ஆந்திரக் கரையில் இதே குடும்பத்தைச் சேர்ந்த தெப்பாக்கள் உண்டு. அவற்றில் கயிற்றோடு மர ஆப்புகளும் பயன்படும்.

ஆணி ஏன் அடிப்பதில்லை என்று கேட்பவர்கள் உண்டு. உப்புநீரில் இரும்பு துருப்பிடிக்கும் என்பது பாதி பதில்தான். கரையோரத்தில் அலை உடையும் இடத்தில் கலத்தின் ஒரு முனை எழும், மறுமுனை விழும். அந்த நேரத்தில் ஒவ்வொரு மரமும் கொஞ்சம் தனித்தனியாக அசைந்தாக வேண்டும். கயிறு அதற்கு இடம் கொடுக்கும். ஆணி கொடுக்காது, மென்மரத்தில் துளையைப் பெரிதாக்கிக்கொண்டு தளர்ந்துபோகும். மேலே ஏறிய தண்ணீர் மரங்களின் இடைவெளி வழியே தானாக இறங்கிவிடுவதால் இறைக்கும் வேலையும் இல்லை. துறைமுகமே இல்லாத மணற்கரையில் அலையை வெட்டிக்கொண்டு போய்வர இதைவிடப் பொருத்தமான கலம் அமைவது கடினம்.

இதன் பலவீனம் தண்ணீரை உறிஞ்சுவது. ஒரு கணக்கு போட்டால் புரியும். மரங்களின் மொத்தக் கன அளவு 0.6 கன மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். உலர்ந்த மரம் கன மீட்டருக்கு 350 கிலோ, கடல்நீர் 1025 கிலோ. முழுக்க அமிழும்வரை அது தாங்கும் சுமை 405 கிலோ. அதே மரம் ஊறி 600 கிலோவுக்கு வந்துவிட்டால் தாங்குவது 255 கிலோதான். இரண்டு ஆள் எடைக்குமேல் கைவிட்டுப் போகிறது. அதனால்தான் கரைக்கு வந்ததும் கயிற்றை அவிழ்த்து மரங்களைத் தனித்தனியே மணலில் உலர்த்துவது வழக்கம். அவிழ்த்தால் மரம் உலரும். தனித்தனி மரமாகத் தோளில் தூக்கி மேட்டுக்குக் கொண்டுபோகவும் முடியும். 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலைக்குப் பிறகு ஃபைபர் படகுகள் பெருமளவில் வந்து கட்டுமரத்தின் இடத்தைப் பிடித்துக்கொண்டன. அதற்கு முன்பே அந்த மாற்றம் தொடங்கியிருந்தது.

சொல் கடல் கடந்த கதையில் ஆதாரம் தெளிவாக உள்ள இடங்களை மட்டும் சொல்கிறேன். 1697-இல் வெளிவந்த தன் பயண நூலில் ஆங்கிலக் கடலோடி வில்லியம் டாம்பியர், சோழமண்டலக் கரையில் இந்தப் பெயரால் அழைக்கப்படும் மிதவைகளைப் பற்றி எழுதினார். ஒன்றிரண்டு மரங்களாலான சிறிய மிதவை, ஓர் ஆள் ஏறலாம், அவர் கால்கள் தண்ணீரிலேயே இருக்கும் என்பது அவர் தரும் வருணனை. அதில் இரட்டை உடல் எதுவும் இல்லை. அதன்பின் ஆங்கிலேயர்கள் தங்களுக்குப் பழக்கமில்லாத மிதவை எதைப் பார்த்தாலும் இந்தப் பெயரை வைக்கத் தொடங்கினார்கள். இலங்கையின் ஒற்றைப்பக்க மிதவைகொண்ட ஓடத்தையும் 19-ஆம் நூற்றாண்டில் கேட்டமரான் என்றுதான் எழுதினார்கள். 1804 அக்டோபரில் பிரான்சின் பூலோஞ் துறைமுகத்தில் நின்ற நெப்போலியனின் படகுகளைத் தகர்க்க பிரிட்டிஷ் கடற்படை அனுப்பிய, ராபர்ட் ஃபுல்டன் வடிவமைத்த வெடிமருந்துப் பெட்டிகளுக்கும் இதே பெயர். கப்பலுக்கும் துறைமேடைக்கும் இடையே உரசாமல் இருக்கப் போடும் மிதவையையும் கடற்படைத் துறைகளில் கேட்டமரான் என்பார்கள். அந்தப் பொருள் இன்னும் வழக்கில் இருக்கிறது. துறைமுக ஆவணம் மொழிபெயர்ப்பவர்கள் இங்கேதான் தடுக்கி விழுகிறார்கள்: 'கப்பலுக்கும் மேடைக்கும் நடுவே கேட்டமரானை வை' என்று இருந்தால் அது இரட்டைப் படகு அல்ல, இடைமிதவை.

இரட்டை உடல் என்ற வடிவத்தின் பெரும் மரபு பசிபிக் தீவுகளுடையது. பொலினீசியர்கள் இரண்டு ஓடங்களைக் குறுக்குச் சட்டங்களால் இணைத்து, மேலே தளம் போட்டு, பெருங்கடலைக் கடந்தார்கள். அந்த மரபைப் பின்பற்றி 1975-இல் கட்டப்பட்ட ஹோகுலேஆ என்ற கலம், 1976-இல் கருவிகள் இல்லாமல் விண்மீன்களையும் அலைகளையும் பார்த்தே ஹவாயிலிருந்து தாஹிதி போய்ச் சேர்ந்தது. ஐரோப்பாவில் 1660-களில் வில்லியம் பெட்டி டப்ளினில் இரட்டை உடல் கப்பல்கள் கட்டினார். பிறகு 1876-இல் அமெரிக்கப் படகு வடிவமைப்பாளர் நத்தனியேல் ஹெரெஷாஃப், அமரில்லிஸ் என்ற இரட்டை உடல் பாய்ப்படகை நியூயார்க் நூற்றாண்டு விழாப் பந்தயத்தில் இறக்கி, ஓர் உடல் படகுகளையெல்லாம் பின்னுக்குத் தள்ளினார். எதிர்ப்பு கிளம்பியது, தகுதிநீக்கம் செய்தார்கள். மறு ஆண்டு அவர் காப்புரிமை பெற்றார். இரட்டை உடல் பாய்ப்படகு என்ற பொருள் இந்தக் காலத்தில்தான் இந்தச் சொல்லோடு அழுத்தமாக ஒட்டிக்கொண்டது. அமரில்லிஸில் கவனிக்கவேண்டிய இன்னொன்று: இரு உடல்களும் தனித்தனியே ஏறி இறங்கட்டும் என்று பந்துக்கிண்ண மூட்டுகள் வைத்து இணைத்திருந்தார். கட்டுமரத்தில் கயிறு செய்யும் வேலையை இங்கே மூட்டு செய்கிறது. கலத்தைப் பிளக்கப் பார்க்கும் விசை இரண்டிலும் இணைப்பில்தான் போய் விழுகிறது.

இன்றைய நிலையில் பொருள் இதுதான்: ஏறக்குறைய ஒரே அளவுள்ள இரண்டு உடல்கள், இணையாக, மேலே சட்டத்தாலோ தளத்தாலோ இணைக்கப்பட்டிருக்க வேண்டும். மூன்று உடல் இருந்தால் டிரைமரான். இந்தச் சொல்லை 1940-களில் படகு வடிவமைப்பாளர் விக்டர் செச்செட் உருவாக்கினார். அதன் வாலில் இருக்கும் 'மரான்' நம் மரம்தான். ஓர் உடலும் பக்கத்தில் சிறு மிதவையும் இருந்தால் அது கேட்டமரான் ஆகாது. எண்ணெய்க் கப்பல்களின் 'டபுள் ஹல்' என்பதும் முற்றிலும் வேறு. 1989-இல் எக்ஸான் வால்டெஸ் கப்பலிலிருந்து எண்ணெய் கொட்டியபின் கட்டாயமாக்கப்பட்ட அமைப்பு அது: ஒரே உடலுக்கு உள்ளும் வெளியுமாக இரண்டு சுவர்கள். தமிழ்ச் செய்திகளில் இதை 'இரட்டை உடல் கப்பல்' என்று எழுதுவதைப் பார்க்கலாம். இரட்டைச் சுவர்க் கப்பல் என்று எழுதினால் குழப்பம் தீரும்.

இனி, இரண்டு உடல் எதற்கு?

ஓர் உடல் பாய்ப்படகு நிமிர்ந்து நிற்க அடியில் ஈயமோ இரும்போ சுமக்கிறது. கேட்டமரானுக்கு அகலமே அந்த வேலையைச் செய்கிறது. 8 டன் எடை, உடல்களின் மையக்கோடுகளுக்கு இடையே 5 மீட்டர் என்றால், காற்று வரும் பக்கத்து உடல் தண்ணீரை விட்டு எழும் நொடியில் நிமிர்த்தும் திருப்புவிசை 8 பெருக்கல் 2.5, அதாவது 20 டன்-மீட்டர். சாய்வு சில பாகைகளே இருக்கும்போது இவ்வளவும் கிடைத்துவிடுகிறது. தேநீர்க் கோப்பை மேசையிலேயே நிற்கும்.

வேகத்துக்கும் இதுவே காரணம். கனமான அகன்ற படகு தானே எழுப்பும் அலைக்குள் சிக்கிக்கொள்ளும். அதன் வேக எல்லையை நாட் (மணிக்கு ஒரு கடல் மைல்) அளவில் கணக்கிட, நீர்மட்ட நீளத்தின் வர்க்கமூலத்தை 2.43-ஆல் பெருக்குவார்கள், 9 மீட்டருக்கு 7.3 நாட். அகலத்தைப் போல 8 முதல் 12 மடங்கு நீளமுள்ள ஒல்லியான உடல் எழுப்பும் அலை சிறியது, அதனால் இந்த எல்லை அதைப் பெரிதாகக் கட்டுப்படுத்தாது. ஈயம் சுமக்காத எடைக்குறைவும் சேர்ந்துகொள்ளும்.

இதற்கான விலையையும் சொல்லவேண்டும். கேட்டமரான் விற்பவர்கள் சாய்வதில்லை என்பதைப் பெருமையாகச் சொல்வார்கள். அதில்தான் ஆபத்தும் இருக்கிறது. ஓர் உடல் படகு காற்று கூடினால் சாய்ந்து எச்சரிக்கும். சாயச் சாயப் பாயிலிருந்து காற்று வழிந்துபோகும். அடியிலுள்ள எடை திரும்ப நிமிர்த்தும். கேட்டமரானில் நிமிர்த்தும் விசை தொடக்கத்திலேயே உச்சத்தைத் தொட்டு, உடல் எழுந்தபின் குறைந்துகொண்டே போகும். 90 பாகைக்கு வந்துவிட்டால் திரும்பாது. தலைகீழாகக் கிடக்கும் கேட்டமரான் அந்த நிலையிலும் உறுதியாகவே இருக்கும்; பெரிய படகை ஆட்கள் நிமிர்த்த முடியாது. பெரும்பாலும் மூழ்காது என்பது மட்டும் ஆறுதல். அதனால் மாலுமிகள் மேலே ஏறி மீட்புக்குக் காத்திருப்பார்கள். பல படகுகளில் இதற்காகவே அடிப்பகுதியில் தப்பும் கதவு வைத்திருப்பார்கள்.

ஆகவே பாயைச் சுருக்கும் நேரத்தைச் சாய்வை வைத்து முடிவு செய்யக்கூடாது, காற்றளவியின் எண்ணை வைத்து முடிவு செய்யவேண்டும். ஒவ்வொரு படகுக்கும் தயாரிப்பாளர் ஓர் அட்டவணை தருவார். அதில் சராசரிக் காற்றைப் பொருத்தாமல், திடீரென ஓங்கி அடிக்கும் வீச்சுக் காற்றைப் பொருத்துங்கள். காற்றின் விசை வேகத்தின் இருமடிக்கு ஏற்பக் கூடும்: 20 நாட் 28 ஆனால் விசை ஏறக்குறைய இரட்டிப்பு. காற்றுக்கு முதுகுகாட்டி ஓடும்போது இன்னொரு பொறி இருக்கிறது. 25 நாட் காற்றில் 10 நாட் வேகத்தில் ஓடினால் படகில் உணரப்படுவது 15 நாட்தான். இதமாக இருக்கும். அப்படியே காற்றை நோக்கித் திரும்பினால் 25-க்கும் மேல் ஒரேயடியாகப் பாயில் அறையும், விசை ஏறத்தாழ மூன்று மடங்கு. திரும்புவதற்கு முன்னரே சுருக்குங்கள், திரும்பியபின் அல்ல.

சுமை அடுத்த பிரச்சினை. 10 மீட்டர் நீளமும் 1 மீட்டர் அகலமும் கொண்ட இரு உடல்களுக்கும் சேர்த்து நீர்மட்டப் பரப்பு ஏறக்குறைய 14 சதுர மீட்டர். 1 சென்டிமீட்டர் அமிழ 143 கிலோ போதும். கூடுதலாக 1 டன் ஏற்றினால் 7 சென்டிமீட்டர் இறங்கும். வேகம் குறைவது ஒரு பக்கம் இருக்கட்டும். உடல்களை இணைக்கும் தளத்துக்கும் தண்ணீருக்கும் உள்ள இடைவெளியில் அந்த 7 சென்டிமீட்டர் போய்விடுகிறது. இடைவெளி குறைந்தால் நடுவில் நுழையும் அலை தளத்தின் அடியில் குண்டு விழுந்ததுபோல மோதும். பாத்திரம் எகிறும், நாளடைவில் இணைப்புகளில் விரிசல் விழும். 12 மீட்டர் படகுக்கு 70 சென்டிமீட்டருக்கு மேல் இடைவெளி இருப்பது நல்லது. 50-க்குக் கீழே இருக்கும் படகை, உள்ளே எவ்வளவு வசதி இருந்தாலும், எதிரலையில் நீண்ட தூரம் ஓட்டப் பரிந்துரைக்க மாட்டேன். படகு வாங்கப் பார்ப்பவர்கள் முதலில் அளக்கவேண்டியது இதைத்தான். தண்ணீர்த் தொட்டியும் எரிபொருள் தொட்டியும் நிரம்பிய நிலையில் அளக்கவேண்டும்.

சிறிய கடற்கரை கேட்டமரான்களின் தொல்லைகள் வேறு. ஹோபி 16-ஐ எடுத்துக்கொள்ளலாம்: நீளம் 5.05 மீட்டர், அகலம் 2.41, எடை 145 கிலோ. எடை குறைவு என்பதால், அணியம் காற்றைக் கடக்கும்படி பாய் மாற்றித் திரும்பும்போது உந்தம் போதாமல் நடுவிலேயே நின்றுவிடும். சுக்கானைச் சடாரென்று திருப்பினால் அது தடையாகி இன்னும் சீக்கிரம் நிற்கும். பெரிய பாயை நன்றாக இறுக்கி, சுக்கானை மெதுவாகத் தொடங்கிச் சீராகத் திருப்பவேண்டும். முன்பாயை உடனே விடாமல், அணியம் காற்றைக் கடக்கும்வரை, காற்று அதன் எதிர்ப்புறத்தில் அடிக்கும்படி பிடித்திருந்தால் அதுவே முனையைத் தள்ளிவிடும். பிறகுதான் மறுபக்கம் மாற்றவேண்டும். அந்த நேரத்தில் பெரிய பாயைக் கொஞ்சம் தளர்த்தாவிட்டால் படகு மறுபடி காற்றை நோக்கி இழுக்கும். நின்றே போய்விட்டால் படகு பின்னோக்கி நகரத் தொடங்கும். அப்போது சுக்கானை மறுபுறம் திருப்பி, பின்னோட்டத்திலேயே முனையைத் திருப்பிக்கொள்ளலாம்.

வேகமாக ஓடும்போது காற்று போகும் பக்கத்து அணியம் தண்ணீருக்குள் குத்தி, படகு முன்பக்கமாகக் குட்டிக்கரணம் அடிப்பது இன்னொன்று. அணியம் தாழத் தொடங்கியதுமே ஆட்கள் பின்னுக்குப் போகவேண்டும், பாயைத் தளர்த்தவேண்டும். குத்தியபின் செய்வதற்கு நேரம் இருக்காது.

கவிழ்ந்த சிறிய படகை நிமிர்த்த முதலில் பாய்க்கயிறுகள் எல்லாவற்றையும் விடுவிக்கவேண்டும். இதை மறந்தால் நிமிர்ந்த மறுகணமே ஆளில்லாமல் ஓடிவிடும் அல்லது மறுபடி கவிழும். பிறகு பாய்மரத்தின் உச்சி காற்று வரும் பக்கம் இருக்கும்படி படகைத் திருப்பவேண்டும். கீழே கிடக்கும் உடல்மேல் நின்று, மேலுள்ள உடலைச் சுற்றிவந்த கயிற்றைப் பிடித்துப் பின்னால் சாய்ந்து தொங்கவேண்டும். பாய் தண்ணீரைவிட்டு எழுந்ததும் காற்று அடியில் புகுந்து மீதி வேலையைச் செய்யும். மேல் உடல் விழும் இடத்தில் தலையை வைக்காதீர்கள். இரண்டு ஆள் எடை இல்லாமல் ஹோபி 16 எழுவது அரிது. பாய்மரத்தில் தண்ணீர் புகுந்து முழுக்கத் தலைகீழானால் இன்னும் கடினம். உச்சியில் மிதவை கட்டுவது அதனால்தான்.

விசைக் கலங்களில் இந்த வடிவம் வேறு வகையில் வளர்ந்தது. டாஸ்மேனியாவின் இன்கேட் நிறுவனம் கட்டும், அலையைக் குத்தி ஊடுருவும் கூர்முனைப் பயணிக் கப்பல்கள் அதில் ஒன்று. 99 மீட்டர் நீளமுள்ள ஃபிரான்சிஸ்கோ 2013-இல் சோதனை ஓட்டத்தில் 58.1 நாட் வேகத்தைத் தொட்டது. இன்னொன்று, மிதக்கும் பகுதியை முழுதும் நீருக்குள் அமிழ்த்தி, மெல்லிய தூண்கள்மேல் தளத்தைத் தாங்கும் வகை. வேகம் அதன் நோக்கமல்ல, ஆடாமல் நிற்பதுதான். இந்தியக் கடற்படையில் 2012-இல் சேர்ந்த ஐ.என்.எஸ். மகர் இரட்டை உடல் கொண்ட நீரளவைக் கப்பல். கடலடியை அளக்கும் கருவிகளுக்கு அகன்ற, நிலையான தளம் தேவைப்படுகிறது.

தமிழில் எப்படி எழுதுவது? மரங்களைக் கட்டியதற்குக் கட்டுமரம். அந்தச் சொல்லை ஃபைபர் இரட்டைப் படகுக்குக் கொடுத்துவிட்டால், மீனவர்களின் கலத்தைச் சொல்ல வேறு சொல் தேடவேண்டியிருக்கும். இரட்டை உடல் கலத்துக்கு இருவுடல் படகு, இருவுடல் கப்பல் என்று எழுதலாம். செய்தி அவசரத்தில் கேட்டமரான் என்றே எழுதினாலும் தவறில்லை. இரண்டு தோணிகளைச் சேர்த்து மேலே பலகை போட்ட ஆற்றுக் கலத்துக்குச் சங்கடம், சங்காடம் என்று பழைய அகராதிகளில் சொல் இருக்கிறது. மலையாளத்துச் சங்ஙாடம் இதன் உறவு. முதல் நூற்றாண்டின் கிரேக்கக் கடல்வழிக் குறிப்பான பெரிப்ளஸ் நம் கரையில் பார்த்ததாகச் சொல்லும் 'சங்கரா'வை இதோடு இணைத்தவர் கால்டுவெல். பொருளால் இன்றைய கேட்டமரானுக்கு மிக அருகில் நிற்பது இந்தச் சொல்தான். ஆனால் சங்கடம் என்றால் இன்று யாருக்கும் படகு நினைவுக்கு வராது, அதனால் சங்காடம் என்ற வடிவத்தையே எடுத்துக்கொள்ளலாம். தோணிகளைக் கயிற்றால் பிணைத்த ஆற்றுப் பாலக்கலங்களைப் பற்றி எழுதுபவர்கள் தாராளமாக அதைப் பயன்படுத்தட்டும்.

ஆங்கிலப் பேச்சில் கேட்டமரானைச் சுருக்கி 'கேட்' என்பார்கள். 'கேட்போட்' என்று ஒன்று வந்தால் மட்டும் அதை இதோடு சேர்க்காதீர்கள்: அது பாய்மரத்தை அணியத்துக்கு மிக அருகில் நட்டு, ஒரே பாய் கட்டிய, அகன்ற ஓர் உடல் படகு.